கன்னத்தில் தழும்பு! கரத்தில் மொழி!

பேசுவதற்கென்றே கூடும் மன்றம் அது. நாவன்மையால் நாட்டை ஆள வந்தவர்கள், வாதத்திலே வல்லவர்கள், வழக்கறிஞர்கள், பண்ணையார்கள் — இப்படிப்பட்டவர்கள் நிறைந்த அமெரிக்க நாட்டுப் பிரதிநிதிகள் சபை. 1818-ம் ஆண்டு, ஜனவரித் திங்கள். சபைத் தலைவர் ஹென்றி கிளே. அந்நாளில் அமெரிக்கா முழுதும் அறிந்த பெரும் பேச்சாளர். அவர் பக்கத்திலே ஓர் ஆசனம் போட்டு, அதிலே ஒருவரை அமர்த்தியிருக்கிறார்கள். வயது முப்பத்திரண்டு. பிரெஞ்சு நாட்டவர். கன்னத்திலே ஒரு தழும்பு. சபையின் அலுவல் அரைமணி நேரம் நிறுத்தி வைக்கப்படுகிறது. எதற்காக? அந்த மனிதரோடு உறுப்பினர்கள் உரையாடுவதற்காக!

உரையாடல்தான், ஆனால் ஓசை இல்லை. தாளும் எழுதுகோலும் கைமாறுகின்றன. ஆங்கிலத்திலே எழுதிக் கேட்டவருக்கு ஆங்கிலத்திலே பதில். பிரெஞ்சிலே எழுதிக் கேட்டவருக்குப் பிரெஞ்சிலே பதில். பதில் எழுதியவருக்குக் காது கேளாது; வாயால் பேசவும் மாட்டார். பேச்சையே தொழிலாகக் கொண்டவர்கள், பேச்சை நிறுத்திவிட்டு, பேசாத ஒருவரைச் சூழ்ந்து நின்றார்கள் அன்று.

அவர் பெயர் லாரன்ட் கிளெர்க்.

செவிடன் காதிலே ஊதிய சங்கு என்கிறோம். ஊமை கண்ட கனவு என்கிறோம். எளிதாகச் சொல்லிவிடுகிறோம், தோழர்களே! சங்கின் ஒலி அவனுக்கு எட்டாது என்பது உண்மை. ஆனால் அவன் கண்ட கனவை அவனால் சொல்லவே முடியாது என்று எவன் முடிவு கட்டினான்? சொல்லுகிறான். கையால் சொல்லுகிறான், கண்ணால் சொல்லுகிறான், முகத்தால் சொல்லுகிறான். அந்த மொழி நமக்குத் தெரியவில்லை. தெரியாத நாம், அவனை ஊமை என்கிறோம். அந்த மொழியை ஒரு கண்டத்திலிருந்து இன்னொரு கண்டத்துக்குக் கப்பலேற்றிக் கொண்டுபோய், அங்கே வேரூன்றச் செய்தவருடைய வரலாறு இது.

பிரான்சு நாட்டின் தென்கிழக்கிலே, லியோன் நகருக்கு அப்பால், லா பால்ம் என்றொரு சிற்றூர். 1785, டிசம்பர் 26-ல் அங்கே பிறந்தவர் கிளெர்க். தந்தை அரசு அலுவல் பார்த்தவர். பல ஆண்டுகள் ஊரின் மேயர். வசதியான குடும்பம்தான். குழந்தைக்கு ஒரு வயதிருக்கும்போது, நாற்காலியிலிருந்து தவறி நெருப்பிலே விழுந்தது. கன்னம் வெந்தது. காது கேளாமல் போனதும், மணம் நுகரும் ஆற்றல் போனதும் அந்த விபத்தால்தான் என்று வீட்டார் நம்பினார்கள். பிறவியிலேயே அப்படித்தானோ, யார் கண்டது! தழும்பு மட்டும் நிலைத்தது.

பெற்றோர் சும்மா இருப்பார்களா? ஏழு வயதிலே தாயார் அவனை லியோன் நகரத்து மருத்துவர் ஒருவரிடம் அழைத்துச் சென்றார். மருத்துவர் நாள்தோறும் காதிலே ஏதேதோ திரவங்களைச் செலுத்தினார். வலி மிச்சம். பையன் ஊர் திரும்பினான்; பள்ளி கிடையாது, பாடம் கிடையாது. அம்மாவின் வான்கோழிகளை வயலுக்கு ஓட்டுவான். பசுக்களை மேய்ச்சலுக்குக் கொண்டு போவான். அப்பாவின் குதிரைக்குத் தண்ணீர் காட்டுவான். மேயர் வீட்டுப் பிள்ளைக்கே அந்தக் கதி என்றால், உழவன் வீட்டிலே, நெசவாளி வீட்டிலே பிறந்த கேளாத குழந்தையின் கதி என்னவாக இருந்திருக்கும்?

பன்னிரண்டு வயதாயிற்று. 1797-ல் அவனுடைய சிற்றப்பா — அவர் பெயரும் லாரன்ட் கிளெர்க்தான் — அவனைப் பாரிசுக்கு அழைத்துப் போய், அங்கிருந்த கேளாதோர் பள்ளியிலே சேர்த்தார்.

இந்தப் பள்ளியைப் பற்றிக் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். பாரிசிலே எப்பே என்று ஒரு பாதிரியார் இருந்தார். 1760-ஐ ஒட்டிய நாட்களில், ஓர் ஏழை வீட்டிலே காது கேளாத சகோதரிகள் இருவரைக் கண்டார். இருவரும் கைகளால் பேசிக்கொண்டிருந்தார்கள். பிறர் பார்த்தால் பரிதாபப்பட்டு நகர்ந்திருப்பார்கள்; அல்லது, கையை ஆட்டாதே, வாயைத் திற என்று அதட்டியிருப்பார்கள். எப்பே அந்தக் கைகளைக் கவனித்தார். இதுவும் ஒரு மொழி. இதை நான் கற்றுக்கொண்டால், இதன் வழியாகவே இவர்களுக்குப் படிப்பும் எழுத்தும் கற்பிக்கலாம் என்று கண்டார். ஆசிரியன் மாணவனிடம் மொழி கற்றான்! அங்கேதான் அவருடைய பெருமை. கட்டணம் வாங்காமல் பள்ளி நடத்தினார். பார்க்க வந்தவர்களுக்கெல்லாம் கதவைத் திறந்து வைத்தார். 1789-ல் அவர் மறைந்தார். 1791-ல் புரட்சி அரசு, அந்தப் பள்ளியை நாட்டின் பொதுச் சொத்தாக்கிக் கொண்டது.

கிளெர்க் சேர்ந்தபோது பள்ளித் தலைவர் சிக்கார்டு பாதிரியார். ஆனால் சிறுவனுக்குக் கண் திறந்தவர் அவரல்லர். ஜான் மாசியூ என்ற இளம் ஆசிரியர். அவரும் காது கேளாதவர். பிரான்சின் தென்மேற்கிலே, ஏழைக் குடும்பத்திலே பிறந்து, பதின்மூன்று வயதுக்கு மேல் வரை ஆடு மேய்த்துக்கொண்டிருந்தவர். அந்த வீட்டிலே ஆறு பிள்ளைகள். ஆறு பேருக்கும் காது கேளாது. ஆட்டிடையன் பாரிசு சென்று படித்தான். பிறகு அதே பள்ளியில் ஆசிரியரானான். 1792-ல் புரட்சிப் புயலிலே சிக்கார்டு சிறைப்பட்டு, தலை போகும் நிலை வந்தபோது, மாசியூதான் மாணவர்களைத் திரட்டிக்கொண்டு சட்டமன்றத்தின் முன் போய் நின்று, எங்கள் ஆசிரியரைத் திருப்பித் தாருங்கள் என்று எழுத்திலே மனுக் கொடுத்தார். வாய் பேசாதவர்களின் ஊர்வலம்! எத்தனையோ முழக்கங்களைக் கேட்டுச் சலித்திருந்த அந்த மன்றம், முழக்கமில்லாத அந்த மனுவைக் கண்டு நெகிழ்ந்தது.

இப்படிப்பட்டவரிடம் வந்து சேர்ந்தான் பன்னிரண்டு வயதுச் சிறுவன். அதுவரை அவன் உலகத்திலே, அவனைப் போன்றவன் அவன் ஒருவனே. இப்போது பார்த்த பக்கமெல்லாம் தன்னைப் போன்றவர்கள்! உணவுக்கூடத்திலே கை பேசுகிறது. முற்றத்திலே கை பேசுகிறது. கேலி, சண்டை, இரகசியம், கதை, எல்லாம் கையிலே. கேளாதவர்கள் கூடி வாழுமிடத்தில் ஒருவருக்கொருவர் பெயர் சூட்டிக்கொள்வார்கள். எழுத்துக் கூட்டும் பெயரல்ல, ஒரே அசைவிலே முடியும் பெயர். இந்தப் புதுப் பையனுக்கு என்ன பெயர் வைப்பது? கன்னத்திலே தழும்பு இருக்கிறதே! இரண்டு விரல்களைச் சேர்த்துக் கன்னத்தை வருடினால், அது கிளெர்க். எந்தத் தழும்பைக் கண்டு ஊரார் முகம் சுளித்திருப்பார்களோ, அதுவே அவனுடைய பெயராயிற்று. அதிலே ஏளனம் இல்லை. நெட்டையை நெட்டை என்பதும் தழும்புக்காரனைத் தழும்பு என்பதும், கண்ணால் வாழும் மக்களிடையே இயல்பான வழக்கம்.

அந்தப் பள்ளியிலும் ஒரு கசப்பு உண்டு. மார்கரோன் என்ற துணை ஆசிரியர் ஒருவர், கேளாத பிள்ளைகளை எப்படியும் வாயால் பேச வைப்பது என்று முனைந்தார். கிளெர்க்கும் முதலில் முயன்றான். ஒலிகளில் ஒன்று 'த'; வல்லொலியாக ஒருமுறை, மெல்லொலியாக ஒருமுறை. தமிழிலே நாம் இரண்டுக்கும் ஒரே எழுத்தைத்தான் எழுதுகிறோம். தத்தை என்பதிலும் பந்து என்பதிலும் எழுத்து ஒன்று, ஒலி வேறு. காதுள்ளவனுக்குத்தான் அந்த வேறுபாடு. கண்ணால் உதட்டைப் பார்ப்பவனுக்கு இரண்டும் ஒன்றே. கண்ணுக்குத் தெரியாத வேறுபாட்டை ஒரு சிறுவன் காட்டவில்லை என்பதற்காக, ஆசிரியர் ஓங்கி அவன் தாடையின் கீழ் அடித்தார். பற்களுக்கிடையே நாக்குச் சிக்கி, கடிபட்டு, இரத்தம் வந்தது. பையன் அழுதான். அன்றோடு, இனி வாயால் பேசக் கற்பதே இல்லை என்று முடிவெடுத்தான். எண்பத்து மூன்று வயது வரை அந்த முடிவு மாறவில்லை.

கிளெர்க் நன்றாகப் படித்தான். இருபது வயதளவில் அதே பள்ளியில் ஆசிரியரானார். மாசியூவும் அவரும் இணைபிரியாத் தோழர்கள்.

இனி, கடலுக்கு அப்பால் போவோம். அமெரிக்காவில், கனெக்டிகட் மாநிலத்து ஹார்ட்போர்டு நகரில், மேசன் காக்ஸ்வெல் என்ற மருத்துவர் இருந்தார். அவருடைய மகள் ஆலிசு. இரண்டு வயதிலே காய்ச்சல் கண்டு செவி இழந்தாள். பக்கத்து வீட்டிலே கேலடெட் என்ற இளைஞர். சமய ஊழியத்துக்குப் படித்தவர். 1814-ல் ஒருநாள், மற்றக் குழந்தைகள் விளையாட, ஆலிசு தனியே நிற்பதைக் கண்டு, தன் தொப்பியைக் காட்டி, தொப்பி என்ற சொல்லைத் தரையிலே எழுதிக் காட்டினார் என்பார்கள். குழந்தை பற்றிக்கொண்டாள். தகப்பனாருக்கு நம்பிக்கை பிறந்தது. தன் மகள் ஒருத்திக்கு வீட்டில் ஆசிரியர் வைக்க அவருக்கு வசதி இல்லாமலில்லை. ஆனால் அவர் கணக்கெடுக்கச் செய்து பார்த்திருந்தார். கனெக்டிகட் மாநிலம் ஒன்றிலேயே 84 பேர் கேளாதவர்கள். ஒரு பள்ளி வேண்டும். நகரத்துப் பெரியவர்கள் பணம் திரட்டினார்கள். 1815-ல் கேலடெட்டைக் கற்றுவர அனுப்பினார்கள், ஐரோப்பாவுக்கு.

முதலில் அவர் போனது பிரிட்டனுக்கு. அங்கே கேளாதோர் கல்வி, பிரெய்ட்வுட் என்ற ஒரு குடும்பத்தின் கையிலே சிக்கிக் கிடந்தது. தொழில் இரகசியம்! சில சமையற்காரர்கள் பக்குவத்தைச் சொல்லாமல் மறைப்பார்களே, அப்படி. இலண்டன் பள்ளியிலே மூன்றாண்டு உதவியாளனாக உழைக்க வேண்டும் என்றார்கள். எடின்பரோ பள்ளியிலே ஆசிரியர் நல்லவர். ஆனால் எவருக்கும் முறையைச் சொல்லிக் கொடுப்பதில்லை என்று பிரெய்ட்வுட் குடும்பத்துக்கு எழுதிக் கொடுத்துக் கட்டுப்பட்டவர். குழந்தைகள் மொழியின்றித் தவிக்கிறார்கள். இவர்களோ அறிவைப் பெட்டியிலே வைத்துப் பூட்டி, சாவியை இடுப்பிலே செருகிக்கொண்டிருக்கிறார்கள்!

அந்த நேரம், நெப்போலியன் எல்பாத் தீவிலிருந்து தப்பிவந்து மீண்டும் அரியணை ஏறிய நேரம். அரச குடும்பத்தை ஆதரித்தவரான சிக்கார்டு, பாரிசை விட்டு இலண்டனுக்கு வந்திருந்தார். மாசியூவையும் கிளெர்க்கையும் உடன் அழைத்து வந்து, மேடையிலே நிறுத்திச் சொற்பொழிவு நடத்திக்கொண்டிருந்தார். கூட்டத்தார் கேள்வி கேட்பார்கள். சைகையிலே அது மொழிபெயர்க்கப்படும். இருவரும் கரும்பலகையிலே விடை எழுதுவார்கள். கேலடெட் அந்தக் கூட்டத்துக்குப் போனார். கண்டார். இங்கே பூட்டு இல்லை, திறந்த கதவு என்பதை உணர்ந்தார். 1816-ல் பாரிசு சென்று, மாசியூவிடமும் கிளெர்க்கிடமும் மாணவராக அமர்ந்தார்.

ஆனால் சில மாதப் படிப்பு போதுமா? புது நாட்டிலே பள்ளி தொடங்க, மொழியை உயிராகக் கொண்ட ஒருவர் வேண்டும். என்னோடு வாருங்கள் என்று கிளெர்க்கை அழைத்தார். சிக்கார்டுக்கு விட மனமில்லை. ஊருக்குப் போய் விடைகேட்டபோது தாயார் போக வேண்டாம் என்று மன்றாடினார். கிளெர்க்குக்கு வயது முப்பது, ஆங்கிலம் தெரியாது, அந்த நாட்டில் ஒருவரையும் தெரியாது. போனார்!

1816, ஜூன் 18-ல் ஹாவர் துறைமுகத்திலிருந்து கப்பல் புறப்பட்டது. 52 நாள் பயணம். காற்று எதிர்த்தது, கடல் அலைத்தது. கப்பல் தளத்திலே இருவர் பாடம் நடத்திக்கொண்டார்கள். கேலடெட்டுக்குக் கிளெர்க் சைகை மொழி கற்பித்தார், கிளெர்க்குக்குக் கேலடெட் ஆங்கிலம் கற்பித்தார். நாட்குறிப்பையே ஆங்கிலத்தில் எழுதிப் பழகினார் கிளெர்க். யார் ஆசிரியர், யார் மாணவர்? இருவரும் இரண்டும்! காது கேட்பவனும் கேளாதவனும் எப்படி ஒருவரோடொருவர் நிற்க வேண்டும் என்பதற்கு, அந்த 52 நாளைக் காட்டிலும் நல்ல காட்சியை நான் படித்ததில்லை.

ஆகஸ்டு 9-ல் நியூயார்க். 22-ல் ஹார்ட்போர்டு. ஆலிசை அழைத்து வந்தார்கள். பதினோரு வயதுச் சிறுமியும் கடல் கடந்து வந்த மனிதரும் கைகளால் பேசிக்கொண்டார்கள். ஆலிசு தன் வாழ்நாளிலே முதன்முதலாகக் கண்ட, தன்னைப்போலவே காது கேளாத, கற்றறிந்த மனிதர் அவர்.

பிறகு பணம் திரட்டும் படலம். பாஸ்டன், ஆல்பனி, பிலடெல்பியா என்று ஊர் ஊராகப் போனார்கள். கிளெர்க் ஆங்கிலத்திலே உரை எழுதுவார். கேலடெட் அதை மேடையிலே படிப்பார். கேள்விகளுக்குக் கிளெர்க் எழுதிப் பதில் தருவார். இலட்சியத்துக்காகத் துண்டேந்தி நின்றவர்களுக்குத் தெரியும் அந்த உழைப்பு. மக்கள் ஏறத்தாழ 12,000 டாலர் தந்தார்கள். கனெக்டிகட் மாநில அரசு 5,000 டாலர் ஒதுக்கியது.

1817, ஏப்ரல் 15. ஹார்ட்போர்டு நகரத்து விடுதி ஒன்றின் அறைகளில் பள்ளி தொடங்கியது. மாணவர்கள் ஏழு பேர். முதற்பெயர் ஆலிசு காக்ஸ்வெல். தொடக்க நாள் மாணவர்களில் ஒருவர் ஜான் புரூஸ்டர். வயது ஐம்பத்தொன்று! ஊர் ஊராகச் சென்று செல்வர் வீட்டுப் படங்களை வரைந்து பிழைத்த ஓவியர். கேளாதவர். தூரிகையால் ஊரையே பேச வைத்தவருக்குத் தன் மனத்தைப் பேச ஒரு மொழி கிடைக்கவில்லை. நரைத்த தலையோடு சிறுவர்களுடன் பெஞ்சியிலே வந்து அமர்ந்தார், மூன்றாண்டு படித்தார்.

மாணவர்கள் பெருகினார்கள். அவர்கள் வெறுங்கையோடு வரவில்லை. தத்தம் வீட்டுச் சைகைகளைக் கொண்டு வந்தார்கள். மார்த்தாவின் திராட்சைத் தோட்டம் என்ற பொருள்படும் பெயர்கொண்ட தீவு ஒன்று, மாசசூசெட்ஸ் கரையோரம் இருக்கிறது. அங்கே பரம்பரையாகக் கேளாமை மிகுதி. சில்மார்க் என்ற ஊரிலே சற்றேறக்குறைய இருபத்தைந்து பேரில் ஒருவர் கேளாதவர். அதனால் அந்த ஊரிலே காது கேட்பவர்களும் சைகையிலே பேசினார்கள்: மீனவர் படகுக்குப் படகு, கடையிலே, வீட்டிலே. கேளாதவர் என்று தனியே பிரித்துச் சொல்லவே அங்கே தேவை எழவில்லை. அந்தத் தீவின் பிள்ளைகளும் ஹார்ட்போர்டுக்கு வந்தார்கள். கிளெர்க் கொண்டுவந்த பிரெஞ்சுச் சைகை மொழியும், பிள்ளைகள் கொண்டுவந்த சைகைகளும் கலந்து பிறந்ததுதான் இன்றைய அமெரிக்கச் சைகை மொழி. வேடிக்கை பாருங்கள்: அமெரிக்கரும் ஆங்கிலேயரும் வாயால் பேசுவது ஒரே ஆங்கிலம். ஆனால் அமெரிக்கக் கேளாதவரின் சைகை, ஆங்கிலேயக் கேளாதவருக்கு விளங்காது. பிரெஞ்சுக் கேளாதவரின் சைகையோடுதான் அதற்கு உறவு. சைகை மொழி, பேச்சு மொழியின் நிழல் என்று எண்ணுவோருக்கு இந்த ஒன்று போதும். 1960-ல் வில்லியம் ஸ்டோக்கி என்ற அறிஞர் ஆராய்ந்து, அதற்கென உறுப்புகளும் அமைப்பும் உண்டு என்று எழுதிக் காட்டினார். கிளெர்க்கின் மாணவர்களுக்கு இது 1817-லேயே தெரியும்.

வாஷிங்டன் சபையிலே கிளெர்க் அமர்ந்த அந்த அரைமணி நேரம் வீணாகவில்லை. 1819-ல் காங்கிரஸ், பள்ளிக்கு அலபாமாவில் 23,000 ஏக்கருக்கு மேல் நிலம் வழங்கியது. செவ்விந்தியப் பழங்குடி மக்களிடமிருந்து பெயர்த்தெடுக்கப்பட்ட பூமி அது. அந்தக் கண்ணீர்க்கதை தனி. நிலத்தை விற்ற பணம், பள்ளிக்கு நிலையான மூலதனமாயிற்று. பள்ளியிலே செருப்புத் தைப்பதும் மரவேலையும் கற்பித்தார்கள். பிற்காலத்திலே கேளாத தொழிலாளர்கள் பெருவாரியாகச் சேர்ந்த தொழில், அச்சுத் தொழில். எந்திரத்தின் இரைச்சல் எவரைத் தொல்லைப்படுத்தினாலும் அவர்களைத் தொல்லைப்படுத்தாது. எழுத்திலே பிழைபிடிக்கும் கண்ணோ கூர்மை.

1819-லேயே இன்னொன்றும் நடந்தது. கிளெர்க் தன் மாணவியாயிருந்த எலிசா போர்டுமன் என்ற கேளாத நங்கையை மணந்தார். கேளாதவர் கேளாதவரை மணப்பதா என்று முகம் சுளித்த காலம். கிளெர்க் கேட்டுக்கொண்டு நிற்கவில்லை. பிள்ளைகள் பிறந்தனர், காது கேட்கும் பிள்ளைகள். மகன் ஒருவர் பாதிரியாரானார். இரண்டாண்டு கழித்து, 1821-ல், கேலடெட்டும் சோபியா பவுலர் என்ற கேளாத மாணவியையே மணந்தார். அறுபது ஆண்டுகளுக்கும் பிறகு, தொலைபேசியால் புகழ்பெற்ற கிரகாம் பெல், கேளாதவர்கள் தமக்குள் மணந்துகொண்டால் மனித குலத்திலே கேளாத இனம் ஒன்றே உருவாகிவிடும் என்று எச்சரித்து 1883-ல் அறிவியல் கழகத்திலே கட்டுரை படித்தார் என்பதையும் சேர்த்து எண்ணிப் பாருங்கள். பெல்லின் தாயார் காது கேளாதவர். மனைவியும் காது கேளாதவர்!

இப்போது மனத்தை உறுத்தும் ஒரு செய்திக்கு வருகிறேன். 1821-ல் பிலடெல்பியாப் பள்ளி தள்ளாடியபோது, ஏழு மாதம் அதன் தலைமையை ஏற்று நடத்திக் கொடுத்தார் கிளெர்க். நடத்த முடியும் என்று காட்டினார். 1830-ல் கேலடெட் ஹார்ட்போர்டுப் பள்ளித் தலைமையிலிருந்து விலகினார். அடுத்த தலைவர் யார்? மொழியைக் கொண்டுவந்தவர் இருக்கிறார். ஆசிரியர்களுக்கெல்லாம் ஆசிரியர் இருக்கிறார். பதின்மூன்று ஆண்டு உழைத்தவர் இருக்கிறார். நாற்காலியிலே அமர்த்தப்பட்டவர் லூயிஸ் வெல்டு. காது கேட்பவர். கிளெர்க் வகுப்பறைக்குத் திரும்பிப் போனார். 1858-ல், எழுபத்திரண்டு வயதிலே ஓய்வு பெறும்வரை, 41 ஆண்டுகள் அந்தப் பள்ளியில் ஆசிரியராகவே இருந்தார். தலைவராக ஒருநாளும் இல்லை. கோபப்பட்டாரா, குமுறினாரா? அவருடைய உழைப்பு மட்டும் குறையவில்லை. கட்டியவன் வாசலிலே நிற்க, குடியேறுபவன் வேறொருவன் என்பது உழைப்பாளிக்குப் புதிய செய்தியா என்ன!

ஆனால் அவருடைய மாணவர்கள் அவரை மறக்கவில்லை. தாமஸ் பிரவுன் என்றொருவர், நியூஹாம்ப்ஷயர் மாநிலத்து உழவர், பிறவியிலேயே கேளாதவர், தகப்பனாரும் கேளாதவர், ஹார்ட்போர்டில் படித்தவர். நம் இரு ஆசிரியர்களுக்கும் நன்றி காட்ட வேண்டும் என்று அவர் எண்ணினார். வேலைக்குப் போய்விட்ட பழைய மாணவர்கள், நாடெங்கும் சிதறிக் கிடந்தவர்கள், கூலியிலே மிச்சம் பிடித்துப் பணம் அனுப்பினார்கள். 1850, செப்டம்பர் 26-ல், நானூறு பேரளவில் ஹார்ட்போர்டில் கூடி, கேலடெட்டுக்கும் கிளெர்க்குக்கும் வேலைப்பாடமைந்த வெள்ளிக் குடங்களை வழங்கினார்கள். கேளாதவர்கள் அத்தனை பேர் ஓரிடத்தில் கூடுவதை அமெரிக்கா அதுவரை பார்த்ததில்லை. கூடியவர்கள் கலையவும் விரும்பவில்லை. 1854-ல் சங்கம் அமைத்தார்கள், பிரவுன்தான் தலைவர். ஜார்ஜியா மாநிலத்துப் புளோர்னாய் என்பவர் 1855-ல், கேளாதவர்களுக்கென்று மேற்கே தனி மாநிலமே வேண்டும் என்று எழுதி, பெரும் விவாதத்தைக் கிளப்பினார். வேண்டாம் என்றவர்களே மிகுதி. ஆனால் விவாதம் நடத்தியவர்கள் யார்? நாற்பதாண்டுக்கு முன் பெயரெழுதத் தெரியாதிருந்த கூட்டத்தார், ஏட்டிலே அரசியல் வாதம் புரிந்தார்கள்! ஹார்ட்போர்டில் பயின்றவர்கள் போய்ப் பல மாநிலங்களில் பள்ளி அமைத்தார்கள். 1870-ஐ ஒட்டி, அமெரிக்கக் கேளாதோர் பள்ளி ஆசிரியர்களில் நூற்றுக்கு நாற்பது பேரளவில் கேளாதவர்களே.

1864-ல் வாஷிங்டனில், கேளாதோருக்குப் பட்டம் வழங்கும் உரிமையுடைய கல்லூரிக்கு ஆபிரகாம் லிங்கன் கையெழுத்திட்டார். அதன் தலைவர், கேலடெட்டின் கடைசி மகன் எட்வர்டு. தொடக்க விழாவிலே எழுபத்தெட்டு வயதுக் கிளெர்க் கலந்துகொண்டு கைகளால் உரையாற்றினார். ஆலிசு இல்லை, தந்தை இறந்த பதின்மூன்றாம் நாள், 1830 டிசம்பரில், அவளும் மறைந்துவிட்டாள். பழைய தோழர் கேலடெட்டும் 1851-லேயே போய்விட்டார். 1869, ஜூலை 18-ல் ஹார்ட்போர்டில் கிளெர்க் கண்மூடினார்.

அவர் கண்மூடிய பதினோராம் ஆண்டு வந்தது இடி. 1880, செப்டம்பர். இத்தாலி நாட்டு மிலான் நகரில், கேளாதோர் கல்வி பற்றி மாநாடு. பேராளர் 164 பேர். அவர்களில் கேளாதவர் ஒரே ஒருவர்! வகுப்பறையிலே சைகை மொழி கூடாது, வாய்ப்பேச்சு ஒன்றே முறை என்று பெரும்பான்மை வாக்கால் தீர்மானம். எதிர்த்தவர்கள் ஒருகை விரல்களுக்குள் அடங்குவர். அவர்களில் ஒருவர் எட்வர்டு கேலடெட். விளைவு? நாடு நாடாகப் பள்ளிகளில் சைகை துரத்தப்பட்டது. கேளாத ஆசிரியர்கள் வேலை இழந்தார்கள்; காது கேளாதவன் பேச்சுப் பயிற்சி கொடுக்க முடியாதல்லவா! கையால் பேசிய குழந்தைகளின் கையிலே அடி விழுந்தது. கிளெர்க்கின் நாக்கைக் கடிக்க வைத்த அந்த ஓர் ஆசிரியரின் வேலையை, ஒரு மாநாடே தீர்மானம் போட்டு ஏற்றுக்கொண்டது.

நாற்காலியை விட்டுக்கொடுத்ததற்கு விலை இது. பள்ளி யாருக்காகவோ, அவர்கள் கையிலே பள்ளியில்லை. அதனால் அவர்கள் மொழியை ஒரு வாக்கெடுப்பிலே வெளியேற்ற முடிந்தது. ஆயினும் மொழி சாகவில்லை. வகுப்பறையிலே தடை, விடுதிப் படுக்கையறையிலே தடையில்லையே! மூத்த பிள்ளைகள் இளைய பிள்ளைகளுக்கு, ஆசிரியர் கண் மறைவிலே, கற்றுக் கொடுத்தார்கள். கேளாதோர் மன்றங்களிலே சனிக்கிழமை இரவுகளில் கதை நடந்தது. மிலான் தீர்மானத்துக்குச் சில நாள் முன்னே, 1880 ஆகஸ்டில், அமெரிக்கக் கேளாதவர்கள் சின்சினாட்டி நகரில் கூடித் தேசியச் சங்கம் அமைத்துவிட்டிருந்தார்கள். அந்தச் சங்கம், தங்கள் மொழியின் அழகு அழியாதிருக்க, சைகைச் சொற்பொழிவுகளைத் திரைப்படச் சுருளிலே பதிந்து வைத்தது. 1913-ல் ஜார்ஜ் வெடிட்ஸ் ஆற்றிய உரையை இன்றும் பார்க்கலாம். மிலான் தீர்மானங்களைத் தவறு என்று ஏற்று, அதே மாநாட்டின் வழிவந்த அமைப்பு வருத்தம் தெரிவித்தது 2010-ல், வான்கூவர் நகரில். 130 ஆண்டு!

நாற்காலியின் கதைக்கும் ஒரு பிற்பகுதி உண்டு. லிங்கன் கையெழுத்திட்ட கல்லூரி, கேலடெட் பெயரால் பல்கலைக்கழகமாயிற்று. 124 ஆண்டுகள், அத்தனை ஆண்டிலும் தலைவராயிருந்த ஒவ்வொருவரும் காது கேட்பவர். 1988 மார்ச் 6-ல் புதுத் தலைவரை அறிவித்தார்கள்: இறுதிப் பட்டியலிலே கேளாதவர் இருவர் இருக்க, மீண்டும் காது கேட்பவர் ஒருவர். சைகை மொழியும் அறியாதவர். மாணவர்கள் வாயில்களை அடைத்தார்கள். வண்டிகளைக் குறுக்கே நிறுத்தி, காற்றை இறக்கிவிட்டார்கள். வகுப்பு நடக்கவில்லை. ஆசிரியர்கள் வந்து சேர்ந்துகொண்டார்கள். 11-ம் தேதி இரண்டாயிரத்தைந்நூறு பேரளவில் நாடாளுமன்றக் கட்டடத்தை நோக்கி நடந்தார்கள். கோரிக்கைகள் நான்கு: கேளாதவரே தலைவராக வேண்டும், ஆட்சிக்குழுத் தலைவி விலக வேண்டும், ஆட்சிக்குழுவில் கேளாதோர் பெரும்பான்மை வேண்டும், போராடியவர் எவர்மீதும் நடவடிக்கை கூடாது. 13-ம் தேதி மாலை நான்கும் கிடைத்தன. கிங் ஜோர்டான், காது கேளாதவர், தலைவரானார்.